ஒரு பிழைச் சுரத்தின் வரலாறு

1

கடந்த மார்ச் மாதம், பலெர்மோவுக்கு வந்து இருபத்திரண்டு வருடம் நிறைந்த கிழமையில், வேலையை விடுவதாக எழுதிக் கொடுப்பதற்காகத் தொழிலாளர் உதவி அலுவலகம் ஒன்றுக்குப் போனேன். பல்லரோச் சந்தைக்குப் பின்னால் உள்ள ஒழுங்கையில், மீன் கழுவிய தண்ணீரைத் தாண்டி உள்ளே நுழைய வேண்டும். கணினிக்கு முன்னால் இருந்த இளைஞன் என் அட்டையை வாங்கிப் பார்த்தான்.

"சிஞ்ஞோரா, ஒன்பது வருடம் ஒரே வீடு. விலகுவதற்குக் காரணம்?"

"ஸ்கீஃபோ" என்றேன். அருவருப்பு என்பதற்கு இத்தாலியர்கள் சொல்லும் சொல்.

அவன் சிரித்தான். நான் இத்தாலியச் சொல்லைப் பிழையாக உபயோகித்துவிட்டேன் என்று நினைத்திருப்பான். இந்த நாட்டில் எங்களுக்குச் சொல் தடுமாறுவது புதினமில்லை. வந்த புதிதில் கோழி கேட்கப் போய் வேறெதையோ கேட்டு, இறைச்சிக்கடை முழுவதையும் சிரிக்க வைத்தவள் நான். ஆனால் இந்தச் சொல்லை யோசித்துத்தான் சொன்னேன்.

"அந்த முதியவர் உங்களிடம் ஏதாவது..." என்று குரலைத் தாழ்த்தினான்.

"இல்லை, இல்லை. அப்படி ஒன்றும் இல்லை. ஒரு பாட்டு விஷயம்."

அவன் படிவத்தில் காரணத்துக்கான பெட்டிக்குள் 'சொந்தக் காரணங்கள்' என்று தட்டினான். இன்றுவரை என் கோபம் அடங்கவில்லை. அந்தப் பெட்டிக்குள் போடாமல் விட்டதை இங்கே எழுதுகிறேன்.

2

நான் வேலை செய்த வீடு கால்சா என்ற வட்டாரத்தில், கடற்கரைப் பக்கம், திருத்திக் கட்டிய பழைய மாளிகை ஒன்றின் இரண்டாம் மாடியில் இருக்கிறது. வீட்டுக்காரர் இளைப்பாறிய சட்டத்தரணி. எல்லாரும் அவரை 'அவ்வொகாத்தோ' என்றுதான் கூப்பிடுவார்கள். சட்டத்தரணி என்பதற்கான பட்டம் அது, பெயரை விட்டுவிடலாம். மனைவி இறந்த பிறகு அவரைப் பார்த்துக்கொள்ள என்னை வைத்தார்கள். எண்பத்துமூன்று வயது, சர்க்கரை வியாதி, ஊன்றுகோல். அவர் என்னுடன் 'நீ' என்று கதைப்பார். நான் அவருடன் 'நீங்கள்' என்று கதைக்க வேண்டும். இதற்கு யாரும் சட்டம் போடவில்லை. முதல் நாளே அப்படி அமைந்துவிட்டது.

ஒன்பது வருடம் அவரைக் குளிக்க வார்த்தேன். கால் நகம் வெட்டினேன். வயிறு குழம்பிய நாட்களில் விரிப்பு மாற்றினேன். அதெல்லாம் எனக்கு ஒருநாளும் அருவருப்பாக இருந்ததில்லை. இதை வாசிப்பவர்கள் தயவுசெய்து மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

அவருடைய வீட்டில் சுவருக்குச் சுவர் இசைத்தட்டுகள். ஜாஸ். அதிலும் இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் நியூயோர்க்கில் கறுப்பினக் கலைஞர்கள் உண்டாக்கிய 'பீபொப்' என்ற வகை. நாலைந்து பேர் சேர்ந்து, வீட்டில் நெருப்புப் பிடித்ததுபோல் வேகமாக வாசிப்பார்கள். அதிலும் அவருக்கு ஒரேயொரு பாட்டில்தான் பைத்தியம். 'கோல்ட் ஸ்டவ்' என்று பெயர், ஆறிப்போன அடுப்பு. அந்த ஒரு பாட்டின் நாற்பத்தாறு ஒலிப்பதிவுகள் அவரிடம் இருந்தன. கண் மங்கிய பிறகு தட்டின் லேபலை வாசிப்பதும், ஊசி வைப்பதும், அவர் சொல்வதைக் கொப்பியில் எழுதுவதும் என் வேலையாகின. அப்படித்தான் நானும் அந்தப் பாட்டின் சரித்திரத்தைப் படித்தேன்.

அந்தக் காலத்து ரெக்கோட் கொம்பனிகள் பழைய பாட்டைப் போட்டால் அதை எழுதியவருக்கு உரிமைப் பணம் கொடுக்க வேண்டும். ஆகவே பழைய பாட்டின் சுரக்கட்டுகளை மட்டும் அடியில் வைத்துக்கொண்டு, மேலே புது மெட்டுப் போடுவார்கள். வேறு யாரோ போட்ட அத்திவாரத்தில் புது வீடு. அப்படிப் பிறந்ததுதான் 'கோல்ட் ஸ்டவ்'. ட்ரம்பெட்காரர் ஒருவர் அதைப் பதிவுசெய்து, இயற்றியவர் என்று தன் பெயரைப் போட்டார். மூன்று நிமிடத் தட்டில் அடங்க வேண்டும் என்பதால் மூச்சு விடாமல் வாசித்திருக்கிறார்கள். பிறகு நீண்ட தட்டுகள் வந்ததும் அவரே அதைப் பதினொரு நிமிடத்துக்கு இழுத்தார். கலிபோர்னியாவில் ஒருவர் பியானோ இல்லாமல், மெதுவாக, தூக்கக் கலக்கத்தில் வாசிப்பதுபோல் வாசித்தார். பாரிசில் வயலினில் வந்தது. ரோமில் ஒரு வானொலி வாத்தியக் குழு முப்பது வயலின்களைச் சேர்த்து அதை எண்ணெயில் ஊறிய கத்தரிக்காய் ஆக்கியது. பிற்காலத்தில் மின்சாரக் கிற்றார். கடைசியாகக் கோப்பி விளம்பரம்.

நாற்பத்தாறிலும் ஒன்று மட்டும் மாறவில்லை. பாட்டின் நடுவில் எட்டுத் தாள வட்டம் நீளும் ஒரு திருப்பம் வரும். அதன் கடைசிச் சுரம் அரைப்படி கீழே இறங்கும். எனக்கு அந்த இடம் எப்போதும் காலில் கல் தட்டுவதுபோல் இருக்கும். நான் எங்கள் ஊரான பேசாலையில் கோயில் பாடகர் குழாமில் பதினான்கு வருடம் இரண்டாம் குரல் பாடியவள். நோட்டு வாசிக்கத் தெரியாது. ஆனால் இறங்கக் கூடாத இடத்தில் இறங்கினால் தெரியும்.

ஒருநாள் சொன்னேன். "அவ்வொகாத்தோ, இந்த இடம் மேலே போனால்தானே வீட்டுக்கு வரலாம்?"

அவர் கண்ணை மூடிக்கொண்டு சிரித்தார். "அதுதான் ரெஜினா, மேதைமை. உன்னுடைய காது தேவாலயத்தின் காது."

3

மூன்று வருடங்களுக்கு முன் யாரோ இறந்துபோனவரின் தட்டுகள் நான்கு பெட்டியில் வந்தன. எல்லாவற்றையும் காய்ச்சி வடித்த தண்ணீரிலும் மெல்லிய துணியிலும் துடைத்து, ஒருதரம் முழுவதுமாக ஓட விட்டு, எங்கே ஊசி தாண்டுகிறது என்று கொப்பியில் குறிக்க வேண்டும். அவர் ஒவ்வொரு தட்டையும் அரை நிமிடம் கேட்பார். பிடிக்காவிட்டால் எடுக்கச் சொல்வார். முழுவதையும் கேட்ட ஒரே ஆள் நான்தான். கேட்டுக்கொண்டே இஸ்திரிப் பெட்டியால் துணி மினுக்குவேன்.

ஒரு புதன்கிழமை காலை, பாடகி ஒருத்தியின் தட்டைத் திருப்பிப் போட்டேன். முதல் பக்கத்தில் சாதாரண நடனப் பாட்டு. அதைக் கேட்டுத்தான் 'குப்பை' என்று அவர் எழுந்து போயிருந்தார். மறுபக்கத்தில் பாடகி இல்லை. பக்கவாத்தியக்காரர்கள் மட்டும். கொஞ்சம் சத்தமும் சிரிப்பும் கேட்ட பிறகு, ஒரு பியானோ தனியாகத் தொடங்கியது. நான் சட்டைக் கழுத்தை மினுக்கிக்கொண்டிருந்தேன். இரண்டாவது வரியில் கை நின்றுவிட்டது.

அது 'கோல்ட் ஸ்டவ்'. வேகம் பாதி. ஆனால் அதுவேதான். நடுப்பகுதி வந்தது. கடைசிச் சுரம் மேலே போனது. எவ்வளவு இலகுவாக, எவ்வளவு சரியாக மேலே போனது என்றால், எனக்குக் கண் நிறைந்துவிட்டது. மினுக்கிய சட்டையில் கருகல் மணம் வந்த பிறகுதான் இஸ்திரிப் பெட்டியைத் தூக்கினேன்.

லேபலைப் பார்த்தேன். பாட்டுக்கு வேறு பெயர், வெறும் இலக்கம் போல ஏதோ. கீழே சின்ன எழுத்தில் இயற்றியவர்: வெ. டில்லர்ட். நான் அவ்வொகாத்தோவைப் போய்க் கூப்பிட்டேன்.

"அவ்வொகாத்தோ, வாருங்கள். உங்களுடைய பாட்டு இதில் இருக்கிறது."

"எதில்? அந்தக் குப்பையிலா?"

"வந்து கேளுங்கள்."

நான்கு தரம் கேட்டார். முதல் தரம் நம்பவில்லை. இரண்டாம் தரம் கதிரையின் கையைப் பிடித்துக்கொண்டார். நான்காம் தரம் அழுதார். தட்டின் ஓரத்தில் பொறித்திருந்த இலக்கங்களை என்னை வாசிக்கச் சொல்லி, தன் பட்டியல்களுடன் ஒப்பிட்டார். ட்ரம்பெட்காரரின் தட்டுக்கு ஒரு வருடம் முந்தியது. டில்லர்ட் என்ற பெயரை அவரிடமிருந்த பழைய ஜாஸ் சஞ்சிகைகளில் தேடிப் பிடித்தோம். வெர்னா டில்லர்ட் என்ற பியானோக்காரி, பகலில் வீடுகள் துடைத்துவிட்டு இரவில் வாசித்தவள், அந்தப் பாட்டை எழுதியிருக்கிறாள். ட்ரம்பெட்காரர் அவளிடம் காதால் கேட்டுத் திருடியிருக்கிறார். திருடும்போது ஒரு சுரத்தைப் பிழையாகக் கேட்டிருக்கிறார். அதற்குப் பிறகு உலகம் முழுவதும், மேதைகள் எல்லாரும், அந்தப் பிழையை மிகவும் மரியாதையாக வாசித்திருக்கிறார்கள்.

"நீ சொன்னாயே!" என்று என் கையைப் பிடித்தார். "மேலே போக வேண்டும் என்று நீதான் சொன்னாய். பிராவா, ரெஜினா. பிராவா."

என்னுடைய இத்தாலிய வாழ்க்கையில் அதைவிடச் சந்தோஷமான நாள் இருந்ததில்லை. வீட்டுக்குப் போகும் வழியில் நடந்தபடியே பாடினேன்.

4

போன நவம்பரில் அந்தக் கண்டுபிடிப்பைப் பற்றி அவர் ஓர் உரை நிகழ்த்தினார். கால்சாவில் ஒரு மண்டபம், மாலை ஐந்து மணி. என் மகள் ஷரன் பாட்டை சாக்ஸபோனில் வாசிப்பதாக ஏற்பாடு. ஷரனுக்குப் பத்தொன்பது வயது. பதினொரு வயதிலிருந்து எங்கள் பங்குக் கோயிலின் வாத்தியக் குழுவில் வாசித்து, இப்போது இசைக் கல்லூரியில் படிக்கிறாள். அவளிடமிருந்த வாத்தியம் அவ்வொகாத்தோவின் இறந்துபோன தம்பியுடையது. படிப்பு முடியும்வரை வைத்திருக்கச் சொல்லித் தந்திருந்தார்.

நான் பின் வரிசையில், நல்ல உடுப்பு உடுத்திக்கொண்டு இருந்தேன். அவர் வெர்னாவைப் பற்றிப் பேசினார். எவ்வளவு அழகாகப் பேசினார்! "ஒரு பெண். பகலில் மற்றவர்களின் தரையைத் துடைத்தாள். அவளுடைய கையிலிருந்து இசையை எடுத்துக்கொண்டார்கள், பெயரை விட்டுவிட்டார்கள்" என்றபோது முன்வரிசைச் சீமாட்டிகள் கண்ணைத் துடைத்தார்கள். நானும் துடைத்தேன். பிறகு அவர் எப்படிக் கண்டுபிடித்தார் என்று சொல்லத் தொடங்கினார்.

"என்னுடைய பிலிப்பினா" என்றார், "தூசி தட்டும்போது தட்டைத் தலைகீழாகப் போட்டு ஓட விட்டுவிட்டாள். சமையலறையில் இருந்த எனக்கு இரண்டு சுரம் கேட்டது. இரண்டே இரண்டு. ஓடி வந்தேன். அவளோ, பாவம், தான் எதையோ உடைத்துவிட்டதாக நினைத்து நடுங்கிக்கொண்டு நின்றாள்!"

மண்டபம் சிரித்தது.

இந்த நாட்டுக்கு வெளியில் இருப்பவர்களுக்கு விளக்க வேண்டும். இத்தாலியில் வீட்டு வேலைக்காரி என்றால் 'பிலிப்பினா'. பிலிப்பைன்ஸிலிருந்து வந்தாலும் சரி, பேசாலையிலிருந்து வந்தாலும் சரி. எனக்குப் பெயர்ப் பிரச்சினை புதிதல்ல. குவெஸ்தூரா என்ற பொலிஸ் அலுவலகத்தில் என் தகப்பனாரின் பெயரைக் குடும்பப் பெயர் ஆக்கி, அதையும் பாதியில் வெட்டி, "பிள்ளை! பிள்ளை!" என்றுதான் வரிசையில் கூப்பிடுவார்கள். அவர்களுக்கு என்னைத் தெரியாது. ஆனால் இந்த மனிதருடைய முதுகில் எத்தனை மச்சம் என்று எனக்குத் தெரியும். என் பெயரும் ஊரும் அவருக்குத் தெரியும். ஊன்றுகோல் இல்லாமல் கழிப்பறைக்குப் போக முடியாதவர் ஓடி வந்தாராம்.

அதையும் விழுங்கியிருப்பேன். நான் மேடையைப் பார்த்தேன். ஷரன் சாக்ஸபோனை மடியில் வைத்துக்கொண்டு, சபையோடு சேர்ந்து சிரித்துக்கொண்டிருந்தாள்.

5

உரை முடிந்து நானும் ஷரனும் வீட்டுக்கு வந்தோம். படியேறும்போது கேட்டேன்.

"என்னத்துக்குப் பிள்ளை சிரிச்சனி?"

"எல்லாரும் சிரிச்சவை, மம்மா. நான் மட்டும் மூஞ்சையை நீட்டிக்கொண்டு இருக்கிறதே?"

"அந்தத் தட்டைக் கண்டுபிடிச்சது ஆர் எண்டு உனக்குத் தெரியுமெல்லோ?"

"தெரியும். லாஷா பெர்தெரே." விட்டுத்தள்ளுங்கள் என்று அர்த்தம். "பிலிப்பினா எண்டுறது சும்மா ஒரு சொல்லு. எனக்கு ஜூலையில எக்ஸாம். சாக்ஸ் அவருடையது. இப்ப போய்ச் சண்டை பிடிக்கப் போறீங்களோ?"

என் கணவர் அன்ரன் சாப்பாட்டுக் கடைச் சமையலறையில் வேலை. அவரும் அதைத்தான் சொன்னார். "உம்மட வேலை ஒப்பந்தம் இல்லாட்டி பெர்மெஸ்ஸோ புதுப்பிக்கேலாது. பேர் வந்தா என்ன, வராட்டி என்ன? பேசாமல் இரும்."

வதிவிட அனுமதிக்குத்தான் இங்கே பெர்மெஸ்ஸோ என்று பெயர். எங்கள் ஆட்களின் அரைவாசிப் பேச்சு அதைப் பற்றியது. எந்தக் கோபத்தையும் அந்த ஒரு சொல்லை வைத்து அமர்த்திவிடலாம்.

அடுத்த நாள் காலை, அவ்வொகாத்தோவுக்கு ஊசி போட்டு, பால் கோப்பையை வைத்த பிறகு சொன்னேன்.

"அவ்வொகாத்தோ, நேற்று நீங்கள் சொன்னது போல் நடக்கவில்லை. நான் கேட்டேன். நான்தான் உங்களைக் கூப்பிட்டேன்."

அவர் பிஸ்கட்டைப் பாலில் தோய்த்தார். "ரெஜினா, அது ஒரு கதை. சபைக்குக் கதை வேண்டும். உண்மையைச் சொன்னால் யார் நம்புவார்கள்?"

"ஏன் நம்பமாட்டார்கள்?"

என்னை அன்பாகப் பார்த்தார். அந்த அன்பைத்தான் என்னால் இன்றுவரை செமிக்க முடியவில்லை. தான் பிழை செய்ததாக அவருக்குத் தெரிந்திருந்தால் நான் கோபப்பட்டிருப்பேன், பிறகு ஆறியிருப்பேன். அவருக்கு அது தெரியவேயில்லை. ஐம்பது வருடத்துக்கு மேல் நீதிமன்றத்திலும் வெளியிலும் மற்றவர்களுக்காக நியாயம் பேசியவர். கடல் கடந்த கறுப்பினப் பெண் ஒருத்திக்காக உண்மையாகவே அழுதவர். தான் பிஸ்கட் தோய்க்கும் மேசைக்கு அருகே நின்ற ஆளை அவர் காணவில்லை.

"இதைப் பற்றி உங்கள் புத்தகம் வருகிறதே, அதில் சரியாக எழுதுவீர்களா?"

"நிச்சயமாக. உனக்கு நன்றி சொல்லாமல் விடுவேனா?"

பெப்ரவரியில் புத்தகம் வந்தது. மேசையில் கிடந்த கட்டைப் பிரித்ததும் நான்தான். கடைசிப் பக்கத்தை நின்றபடியே வாசித்தேன். 'வீட்டு வேலைகளில் துணை நின்ற என் விசுவாசமான பிலிப்பினாவுக்கும், நான் கையில் இசையைக் கொடுத்த அவளுடைய மகளுக்கும்.' நன்றி சொல்லியிருந்தார். இரண்டு பேருக்கும் பெயர் இல்லை.

ஸ்கீஃபோ என்று நான் சொன்னது இதைத்தான். இது உவமை அல்ல. கழிப்பறைக்குப் போய் வாந்தி எடுத்தேன். பிறகு அதைக் கழுவினேன், அதுவும் என் வேலைதானே.

ஒரு பிரதியை வீட்டுக்குக் கொண்டுபோய் ஷரனின் முன்னால் வைத்தேன். கடைசிப் பக்கத்தை விரித்து விட்டேன். அவள் என்னுடைய பாதியை வாசித்துவிட்டு உதட்டைச் சுளித்தாள். தன்னுடைய பாதிக்கு வந்ததும் முகம் மாறியது.

"அவர் கையில இசையைக் குடுத்தவராமோ? எட்டு வருஷமா நான் ஒவ்வொரு நாளும் ஊதினது? இதென்ன கதை!"

எனக்கு அவளிலும் அருவருப்பு வந்தது, மறைக்க மாட்டேன். தாயின் பெயர் போனபோது அது ஒரு சும்மா சொல். தன்னுடையது போனபோது அநியாயம். அதை அப்படியே சொல்லிவிட்டேன். அவள் எழுந்து போய் அறைக் கதவைச் சாத்திக்கொண்டாள். அடுத்த நாள் விரிவுரைக்குப் போகாமல், சாக்ஸபோனைத் துடைத்துப் பெட்டியில் வைத்து, கால்சாவுக்குத் தானே தூக்கிக்கொண்டு போனாள்.

"என்ன சொன்னவர்?" என்று அவள் திரும்பி வந்ததும் கேட்டேன்.

"பரீட்சை முடியும்வரை வைச்சிரு எண்டார். வேண்டாம் எண்டன். ஏன் எண்டு கேட்டார். அம்மாவின்ர பேரைச் சொல்லுங்கோ பாப்பம் எண்டன்."

"சொன்னவரோ?"

"ரெஜினா எண்டார். பிறகேன் எழுதேல்ல எண்டு கேட்டன். அவருக்கு விளங்கேல்ல, மம்மா. உண்மையா விளங்கேல்ல."

மார்ச்சில் நானும் விலகினேன். அன்ரன் மூன்று நாள் என்னோடு கதைக்கவில்லை. இப்போது கால்சாவிலேயே, உல்லாசப் பயணிகள் தங்கும் விடுதி ஒன்றில் காலையில் விரிப்பு மாற்றுகிறேன். பெர்மெஸ்ஸோ புதுப்பிக்கக் கொடுத்து ஐந்து மாதம், இன்னும் பதில் இல்லை. பயமில்லை என்று சொன்னால் பொய்.

6

ஜூலையில் ஷரனுக்குப் பரீட்சை. வாடகைக்கு எடுத்த சாக்ஸபோன், அதன் ஒரு சாவி இடைக்கிடை ஒட்டிக்கொள்ளும். இங்கே பரீட்சையை யாரும் உள்ளே போய்ப் பார்க்கலாம். நான் வேலை முடிந்து, பல்லரோவில் வாங்கிய கீரைப் பையுடன் கடைசிக் கதிரையில் போய் இருந்தேன்.

மூன்று பரீட்சகர்கள். ஷரன் 'கோல்ட் ஸ்டவ்' வாசித்தாள். நடுப்பகுதி வந்தது. கடைசிச் சுரம் மேலே போனது. மூன்று தரமும் மேலே போனது.

முடிந்ததும், நடுவில் இருந்தவர் பேனாவால் தாளைத் தட்டினார். "நன்று. ஆனால் நடுப்பகுதியின் கடைசிச் சுரம் பிழை. மூன்று தரமும் அதே பிழை."

"பிழை இல்லை, மாஸ்திரோ" என்றாள் ஷரன். "எல்லாரும்தான் பிழையாக வாசிக்கிறார்கள். எழுதியவர் இப்படித்தான் எழுதினார். வெர்னா டில்லர்ட்."

"யார் சொன்னது?"

"பழைய தட்டு ஒன்று இருக்கிறது. என் அம்மா கண்டுபிடித்தார்."

அவர் என்னைப் பார்த்தார். கீரைப் பையைப் பார்த்தார். "அம்மா இசைத் துறையா?"

"இல்லை. துணி மினுக்கும்போது கேட்டுக் கண்டுபிடித்தார்."

அவர் பக்கத்தில் இருந்தவரைப் பார்த்துப் புன்னகைத்தார். அப்போது மூன்றாவதாக இருந்த பெண் சொன்னாள்: "இல்லை, இல்லை, அந்தத் தட்டு இருக்கிறது. அவ்வொகாத்தோவின் புத்தகத்தில் வந்ததே, அவருடைய கண்டுபிடிப்பு."

"ஆ, அவ்வொகாத்தோவா!" என்றார் நடுவில் இருந்தவர். முகமே மலர்ந்துவிட்டது. "அப்படியென்றால் சரி. மிகவும் சரி."

"அவர் கண்டுபிடிக்கவில்லை" என்றாள் ஷரன்.

"சரி, சரி, சிஞ்ஞோரினா. முப்பது."

முப்பதுக்கு முப்பது. முழுப் புள்ளி. எனக்குச் சந்தோஷமா கோபமா என்று தெரியவில்லை. இந்த நாட்டில் மாணவர்களுக்கு ஓர் உரிமை உண்டு. தந்த புள்ளியை ஏற்காமல் மறுத்துவிட்டு, பிறகு வந்து திரும்பப் பரீட்சை செய்யலாம். பதினெட்டோ இருபதோ என்று மட்டுமட்டாகச் சித்தியடைந்தவர்கள்தான் அப்படிச் செய்வார்கள்.

"நான் இதை ஏற்கவில்லை" என்றாள் ஷரன்.

"எதை? முப்பதையா?"

"ஓம்" என்றாள். தமிழில். பதற்றத்தில் வந்துவிட்டது. பிறகு இத்தாலியில் சொன்னாள்.

வெளியில் வந்ததும் அவள்மேல் பாய்ந்தேன். "உனக்கென்ன விசரே? முப்பதைப் போய் வேண்டாமெண்டுறியோ? எத்தனை மாதம் ஊதினனி!"

அவளுடைய கண் சிவந்திருந்தது. "நான் வாசிச்சதுக்கு அவை தரேல்ல, அம்மா. அந்தாளின்ர பேருக்குத் தந்தவை."

தெருவில் வெயில் கொதித்தது. சாக்ஸபோன் பெட்டியைத் தூக்கித் தருவதற்காகக் கையை நீட்டினேன். அவள் விடவில்லை. தானே தோளில் மாட்டிக்கொண்டு நடந்தாள். நான் கீரைப் பையுடன் பின்னால் போனேன்.

"இனி எப்ப?" என்று கேட்டேன்.

"செப்டெம்பர்."

"எந்தப் பாட்டு?"

"அதே பாட்டு. அதே சுரம்."

"அப்பவும் பிழை எண்டு சொன்னாங்கள் எண்டால்?"

"பிழை எண்டு சொல்லி இருபது தரட்டும்" என்றாள். "அதை வாங்கிக்கொண்டு வாறன்."